நகரத்துக்குள்ள "மாவட்டம்" தேடும்போது எல்லாரும் சறுக்குற இடங்கள்

முதல் சறுக்கல் வார்த்தையிலயே இருக்கு. டிஸ்ட்ரிக்ட்னு பாத்ததும் நம்ம கை தானா மாவட்டம்னு டைப் பண்ணிடும், மாவட்டம்னா நமக்கு பெருசு, அதுக்குள்ளதான் தாலுகா, ஊரு எல்லாம். ஆனா வியன்னாவுல இருக்கற 23 டிஸ்ட்ரிக்டும் புடாபெஸ்ட்ல இருக்கற 23-ம் ஒரே ஊரை உள்ளுக்குள்ள பங்கு போட்ட துண்டுங்க, அதைப் போய் மாவட்டம்னு எழுதினா படிக்கறவங்க மாவட்டத்துக்குள்ள ஊரா, ஊருக்குள்ள மாவட்டமான்னு முழிப்பாங்க. நான் நகரப் பிரிவுன்னுதான் எழுதுவேன், கொஞ்சம் மொட்டையா இருந்தாலும் பரவால்ல. சரி, அந்தந்த ஊர்ல சொல்ற பேரையே போட்டுடலாமேன்னா அதுலயும் வில்லங்கம் இருக்கு. பிரான்ஸ்ல பாரிஸ், லியோன், மார்செய் மூணு நகரத்தோட உள்பிரிவுக்கும் பேர் அரோன்டிஸ்மான், நம்ம மாவட்டம் மாதிரி இருக்கற டெபார்ட்மானைப் பிரிக்கறாங்களே, அதுக்கும் பேர் அரோன்டிஸ்மான்தான். ஒண்ணுக்கும் ஒண்ணுக்கும் சம்பந்தமே கிடையாது.

அடுத்தது, இதுலதான் நிறைய பேர் விழறாங்க, பேர் ஒண்ணா இருந்தா அதிகாரமும் ஒண்ணாத்தான் இருக்கும்னு நினைக்கறது. ஜப்பானை எடுத்துக்கோங்க. டோக்கியோவுல 23 "கு" (அங்க நகரப் பிரிவுக்கு இதுதான் பேர்) இருக்கு, ஒசாகாவுல 24, யோகோஹாமாவுல 18. எழுதற எழுத்து கூட ஒண்ணுதான். ஆனா டோக்கியோ 23-ல ஒவ்வொண்ணுக்கும் மக்கள் ஓட்டுப்போட்டு ஒரு மேயர், தனி சபை, தனி பட்ஜெட், கிட்டத்தட்ட தனி ஊரு மாதிரி, அதுலயும் தண்ணி, தீயணைப்பு மாதிரி சில வேலைகளை மேல இருக்கற டோக்கியோ அரசாங்கம் கையில வச்சிருக்கு. ஒசாகா, யோகோஹாமாவுல கு-ங்கறது நகராட்சியோட கிளை ஆபீஸ், அங்க தலைவரா உக்காந்திருக்கறவர் மேயர் போட்ட ஆளு, அவ்ளோதான். இது சும்மா பேர் விளையாட்டு இல்ல, ஒசாகா நகரத்தையே கலைச்சிட்டு டோக்கியோ மாதிரி பிரிக்கலாமான்னு 2015-லயும் 2020-லயும் மக்கள்கிட்ட ஓட்டெடுப்பு வச்சாங்க, ரெண்டு தடவையும் கொஞ்ச வித்தியாசத்துல வேணாம்னுட்டாங்க. கொரியாவுலயும் இதே கதை, சியோலோட 25 கு-வுக்கும் தேர்தல்ல ஜெயிச்சு வந்த தலைவர் உண்டு, பக்கத்துல இருக்கற சுவோன்ல 4 கு இருக்கு, அதுக்கு தேர்தலே கிடையாது.

இந்த கு-வை இங்லீஷ்ல வார்டுன்னு போட்டுடறாங்க, அதை நாம அப்படியே தமிழ்ல எழுத, கவுன்சிலர் நிக்கற சின்ன வார்டு கணக்கா ஆயிடுது. டோக்கியோ செதகயால மட்டும் 9 லட்சம் பேருக்கு மேல இருக்காங்க சார், அது எங்க, கவுன்சிலர் வார்டு எங்க. அதனால ஒரு பிரிவோட பேரைப் பாத்த உடனே முடிவுக்கு வராதீங்க. அங்க தலைவர் ஓட்டுல வந்தவரா, மேல இருந்து போட்டவரா, பட்ஜெட் சொந்தமா, மேல இருந்து குடுக்கறதா, இதைப் பாத்தாலே பாதி குழப்பம் போயிடும்.

போஸ்டல் கோடு விஷயத்துல நானே நல்லா அடி வாங்கினேன். ஒரு வேலைக்காக பல நாட்டு முகவரிகளை ஷீட்ல போட்டு கோடை வச்சே பிரிவைக் கண்டுபிடிக்கற மாதிரி ஒரு பார்முலா எழுதினேன், வியன்னாவுல சூப்பரா ஓடுச்சு, 1010-னா 1-வது பிரிவு, 1220-னா 22-வது, நடுவுல இருக்கற ரெண்டு நம்பரை எடுத்தா போதும். புடாபெஸ்ட்லயும் அப்படியே, 1052-னா 5-வது. ஆகா நாம பெரிய ஆளுதான்னு லண்டனுக்குப் போனா மொத்தமும் சொதப்பல். லண்டன் கோடு தபால்காரங்க வசதிக்கு போட்டது, பரோ (லண்டனோட நகரப் பிரிவு) எல்லைக்கும் அதுக்கும் ஒட்டும் இல்ல உறவும் இல்ல. சூவர்ட்ஸ்டோன்னு ஒரு கிராமம், இருக்கறது எஸெக்ஸ்ல, கோடு மட்டும் லண்டனோட இ4. பாரிஸ்ல கடைசி ரெண்டு நம்பரைப் பாத்தா போதும்னு சொல்வாங்க, அது சரிதான், 16-வது அரோன்டிஸ்மானுக்கு 75016, 75116-னு ரெண்டு கோடு இருந்தாலும் ரெண்டும் 16-லதான் முடியுது, ஆனா முழு கோடைப் பாத்த என் பார்முலா 75116-ஐக் கண்டுக்கவே இல்ல.

அப்புறம் ஊர் பேரும் பிரிவு பேரும் ஒண்ணா இருக்கற கூத்து. சிட்டி ஆஃப் லண்டன்னா முழு லண்டன் இல்ல, நடுவுல 3 சதுர கிலோமீட்டர் கூட வராத ஒரு துண்டு, அது லண்டனோட 32 பரோ கணக்குலயும் வராது, தனி. ஆனா சிட்டி ஆஃப் வெஸ்ட்மின்ஸ்டர் அந்த 32-ல ஒண்ணு! பிரஸ்ஸல்ஸ்னு நாம சொல்ற ஊரு 19 நகராட்சி சேந்தது, அதுல ஒரு நகராட்சி பேரும் பிரஸ்ஸல்ஸ் நகரம். டோக்கியோ நகரம்னு ஒண்ணு 1943-லயே சட்டப்படி காலி, இப்ப இருக்கற டோக்கியோவுக்குள்ள மலை, தனி நகராட்சிகள், தெற்கே 1000 கிலோமீட்டர் தள்ளி இருக்கற ஒகசவாரா தீவு எல்லாம் வருது. உலகத்துலயே பெரிய நகரம் சீனாவோட சோங்சிங், 3 கோடி பேர்னு வருஷா வருஷம் யாராவது ஃபார்வர்ட் பண்றாங்களே, அதுவும் இந்த தப்புதான். சோங்சிங் நிர்வாகம் சுமார் 82,000 சதுர கிலோமீட்டர், ஆஸ்திரியா நாட்டோட சைஸ், அதுல வயல், காடு, சின்ன டவுன் எல்லாம் அடக்கம். அதைக் கொண்டு வந்து வேற ஊரோட மக்கள்தொகை பக்கத்துல வச்சு ஒப்பிட்டா என்ன அர்த்தம்.

பழைய லிஸ்டை நம்பறதும் ஆபத்து. பெர்லின்ல 23 பெட்ஸிர்க் (அங்க நகரப் பிரிவுக்கு பேர்) இருந்துச்சு, 2001-ல சேத்து 12 ஆக்கிட்டாங்க, மிட்டே, டியர்கார்ட்டன், வெட்டிங் மூணும் சேந்து புது மிட்டே ஆச்சு, அதுக்குள்ள பழைய மிட்டேவும் ஒரு சின்ன ஏரியாவா இன்னும் இருக்கு, ஸோ மிட்டேன்னு சொன்னா எந்த மிட்டேன்னு கேட்டுக்கணும். பாரிஸ்ல 2020-ல முதல் நாலு அரோன்டிஸ்மானுக்கும் ஒரே மேயர் ஆபீஸ்னு ஆயிடுச்சு, ஆனா நம்பரும் கோடும் அப்படியே இருக்கு, அதனால 20-ன்னு சொன்னாலும் சரி, நிர்வாகத்துக்கு 17-ன்னு சொன்னாலும் சரி. வியட்நாம்ல 2025 ஜூலை 1-ல இருந்து நாடு முழுக்க டிஸ்ட்ரிக்ட்ங்கற அடுக்கையே தூக்கிட்டாங்க, ஹோ சி மின் நகரத்தோட டிஸ்ட்ரிக்ட் 1 இப்ப ஆளுங்க வாயிலயும் ஹோட்டல் விளம்பரத்துலயும்தான் இருக்கு, அரசாங்க ஃபார்ம்ல இல்ல.

எல்லாத்தையும் விட எனக்குப் பிடிச்சது நியூயார்க். அங்க 5 பரோ, ஒவ்வொண்ணும் ஒரு கவுண்டியும் (மாநிலத்துக்குக் கீழ வர்ற நிர்வாகப் பகுதி) கூட, புரூக்ளின்னா கிங்ஸ் கவுண்டி, ஸ்டேட்டன் ஐலண்ட்னா ரிச்மண்ட் கவுண்டி. மன்ஹாட்டன் தீவு, பிராங்க்ஸ் நிலம், நடுவுல ஆறு, ரொம்ப ஈஸின்னு தோணும். மார்பிள் ஹில்னு ஒரு ஏரியா மன்ஹாட்டனோட வடக்கு முனையில இருந்துச்சு, 1895-ல கப்பல் போக ஒரு கால்வாய் வெட்டினதுல அது தனியா பிஞ்சு போச்சு, அப்புறம் 1914-ல மறுபக்கம் இருந்த ஓடையை மண்ணு போட்டு மூடினதுல பிராங்க்ஸோட ஒட்டிக்கிச்சு. ஆனா சட்டப்படி மன்ஹாட்டன்தான். தபால் கோடு பிராங்க்ஸ், போலீஸ் பிராங்க்ஸ், ஓட்டும் ஜூரி வேலையும் மன்ஹாட்டன். 1939-ல பிராங்க்ஸ் பரோ தலைவர் ஜேம்ஸ் லயன்ஸ் நேரா அங்க போய் ஒரு பாறை மேல பிராங்க்ஸ் கொடியை நட்டு இது எங்களதுன்னு சொல்லிட்டு வந்தார், அந்த ஏரியா ஆளுங்க சிரிச்சு கிண்டல் பண்ணி அனுப்பிட்டாங்க. அது இன்னைக்கும் மன்ஹாட்டன்தான்.