குரல் கேட்டால் போனில் பதிவு பண்ணிப் பாருங்கள்

எனக்கு மனச்சிதைவு நோய். கானாடுகாத்தானில் எங்கள் பங்குக்கு வந்த பாதி வீட்டில் நானும் அம்மாவும்தான். அவ்வளவு பெரிய வீட்டில் நிஜச் சத்தமே நிறைய: முற்றத்துப் புறா, பங்காளி வீட்டு டிவி, இரண்டாங்கட்டில் காற்றுக்கு அடிக்கும் கதவு. நடுவே யாரோ என் பெயரைச் சொல்லி ஏசினால், அது வெளியிலா எனக்குள்ளேயா என்று பிரிப்பதுதான் பெரும்பாடு. இதே பாடு படுகிறவர்களுக்கு இதை எழுதுகிறேன்.

குரலுக்குப் பதில் பேசாதீர்கள். போனில் அரை நிமிடம் பதிவு பண்ணித் திருப்பிப் போடுங்கள். புறா இருக்கும், டிவி இருக்கும், ஏசிய குரல் இருக்காது. அது மூளை உண்டாக்குவது, மைக்கில் ஏறாது. சிலருக்குத் திருப்பிப் போடும்போதும் கேட்கும். அப்போது கூட இருப்பவரிடம் கொடுத்து, "இதுல என்ன கேக்குது?" என்று மட்டும் கேளுங்கள். "யாரு ஏசுறா?" என்று கேட்டால் அவரும் குழம்புவார். அம்மா போனைக் காதோடு ஒட்டி, கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, "புறாதாம்ப்பா" என்பார். ஒரு தடவை போதும். திரும்பத் திரும்பக் கேட்டால் சந்தேகம்தான் வளரும்.

பொய் என்று தெரிந்தாலும் குரல் உடனே அடங்காது. ஒரு பாட்டை முனகுங்கள், பேப்பரைச் சத்தமாகப் படியுங்கள். பலருக்கு அதில் குரல் தணிகிறது.

குரல் நின்றுவிட்டதே என்று மாத்திரையை நிறுத்தாதீர்கள், நின்றதே அதனால்தான். எடை கூடினால், பகலெல்லாம் தூங்கி வழிந்தால் டாக்டரிடம் சொல்லுங்கள், மருந்தை மாற்றிப் பார்ப்பார். குன்றக்குடிக்குப் போய்த் திருநீறு பூசிக்கொள்ளுங்கள், பையில் மாத்திரையும் இருக்கட்டும். அப்புறம் தூக்கம். கல்யாண வீடானாலும் விடிய விடிய விழிக்க வேண்டாம்.

இந்தச் சோதனையெல்லாம் சந்தேகம் மிச்சம் இருக்கும்வரைதான். நோய் முற்றினால் 'சோதிக்க என்ன இருக்கு?' என்று தோன்றிவிடும். அதனால் தெளிவாக இருக்கும்போதே எழுதி வையுங்கள். நான் எழுதியது: ராத்திரி தூங்காமல் நடந்தால், அம்மா தரும் காப்பியை மோந்து பார்த்தால், பட்டப்பகலில் ஜன்னல்களைச் சாத்தினால், நான் தடுத்தாலும் டாக்டரைக் கூப்பிடலாம். என்ன சிகிச்சை வேண்டும், நமக்காக யார் முடிவெடுக்கலாம் என்று முன்கூட்டியே எழுதி வைக்க 2017 மனநலச் சட்டம் உரிமை தந்திருக்கிறது. அதை முறைப்படி பதிவு செய்வது எப்படி என்று டாக்டரிடம் கேளுங்கள்.

உங்களையோ பிறரையோ காயப்படுத்தச் சொல்லிக் குரல் வந்தால் சோதனை வேண்டாம். தனியாக இருக்காதீர்கள், உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள், வண்டி இல்லையென்றால் 108. மற்ற நேரத்தில் பேச டெலி மானஸ் என்கிற அரசு மனநல உதவி எண், 14416. இலவசம், 24 மணி நேரமும் தமிழில் பேசலாம்.