மீட்டெடுத்த காருக்கு உரிமைப் பத்திரம்: டெக்சாஸ் வாசகர்களுக்கு

விபத்திலோ வெள்ளத்திலோ சேதமடைந்து, காப்பீட்டு நிறுவனத்தால் கழிக்கப்பட்டு ஏலத்துக்கு வந்த காரை வாங்கிச் சீரமைப்பவர்கள், பணம் கட்டுவதற்கு முன்பே அதன் உரிமைப் பத்திரத்தில் உள்ள சொல்லைக் கவனமாகப் படிக்க வேண்டும். ‘சால்வேஜ்’ என்றிருந்தால் வண்டியைப் பழுதுபார்த்து மீண்டும் சாலைக்குக் கொண்டுவர வழியுண்டு. ‘நான்ரிப்பேரபிள்’ என்றிருந்தால் அது உதிரிபாகங்களுக்கு மட்டுமே உதவும் என்பதால், விலை எவ்வளவு மலிவாக இருந்தாலும் விலகிவிடுவதே நல்லது.

வேலை முடிந்தபின் சால்வேஜ் பத்திரம், புதிய உரிமைப் பத்திரம் கோரும் 130-யூ விண்ணப்பம், வி.டி.ஆர்-61 என்னும் சீரமைப்பு அறிக்கை, அடையாள அட்டை, காப்பீட்டுச் சான்று ஆகியவற்றுடன் கவுண்டி வரி அலுவலகத்துக்குச் செல்ல வேண்டும். வழக்கமான பத்திரக் கட்டணமான 28 அல்லது 33 டாலருடன், சீரமைத்த வண்டி என்பதற்காக 65 டாலர் தனியாகச் செலுத்த வேண்டும்.

பலர் தடுமாறும் இடம் வி.டி.ஆர்-61 படிவம்தான். எந்தெந்தப் பாகங்கள் மாற்றப்பட்டன என்பதையும், எஞ்சின், கியர்பாக்ஸ், கதவு போன்ற முக்கியப் பாகங்கள் வேறொரு வண்டியிலிருந்து எடுக்கப்பட்டிருந்தால் அந்த வண்டியின் அடையாள எண்ணையும் அதில் எழுத வேண்டியிருப்பதால், பழைய பாகங்கள் விற்கும் கடையில் ரசீது வாங்கும்போதே அந்த எண்ணையும் குறித்துத் தரச் சொல்லுங்கள். மாதங்கள் கழித்து அதைத் தேடிப் பிடிப்பது பெரும்பாடு.

புதிய பத்திரத்தில் ‘ரீபில்ட் சால்வேஜ்’ என்ற குறிப்பு நிலையாக இருக்கும். விற்கும்போது அதை மறைக்காமல் வாங்குபவரிடம் சொல்லிவிடுங்கள்.