லண்டனில் அவசரமா? கறுப்பு டாக்சியைக் கை காட்டுங்கள்

லண்டனில் நெரிசல் நேரத்தில் ரயிலைப் பிடிக்க வேண்டுமென்றால் ஊபரைவிட கறுப்பு டாக்சியே நல்லது. சாலையில் பேருந்துகளுக்கென ஒதுக்கிய பேருந்துத் தடத்தின் (பஸ் லேன்) நீலப் பலகையில் பேருந்துப் படத்தோடு 'டாக்சி' என்றும் எழுதியிருந்தால் கறுப்பு டாக்சி அதில் போகலாம். பெரும்பாலான தடங்களில் இந்த அனுமதி உண்டு. ஊபர், மினிகேப் எல்லாம் சட்டப்படி டாக்சி அல்ல, முன்பதிவு செய்து வரவழைக்கும் தனியார் வாடகை கார்கள்தான். தடம் பேருந்துகளுக்கென ஒதுக்கப்பட்டிருக்கும் நேரத்தில் அவற்றை அதில் ஓட்டக் கூடாது. இந்த வேறுபாடு ஐரோப்பிய நீதிமன்றம் வரை வழக்காகப் போய், 2015இல் தீர்ப்பு வந்தது.

ஆனால் நிறுத்தத் தடையில்லாத இடத்தில், ஆளை ஏற்ற, இறக்க மட்டும் அவை தடத்துக்குள் வரலாம். உடனே வெளியேறிவிட வேண்டும். முதியவர்களோடு போகிறவர்கள் தயங்காமல் நடைபாதை ஓரமாகவே இறக்கிவிடச் சொல்லுங்கள். "அப்படியே தடத்தில் போங்கள்" என்று மட்டும் வற்புறுத்தாதீர்கள். கேமராவில் சிக்கினால் அபராதம் பெரும்பாலும் பாவம் ஓட்டுநர் தலையில்தான் விழும்.