கடன் வாங்கிக் கழித்தல்: படிப்படியாகக் காட்டிக் கற்பிக்கும் முறை

52-இலிருந்து 27-ஐக் கழிக்கச் சொன்னால், சில நோட்டுகளில் 35 என்ற விடை தவறாமல் இருக்கும். 2-இல் 7 போகாது என்று தெரிந்த குழந்தை, 7-இலிருந்து 2-ஐக் கழித்துவிடுகிறது. நாம் சொல்லித்தராமல் விட்ட இடத்தில் தானாகவே ஒரு விதி செய்துகொள்கிறது. அந்த இடைவெளி விழாமல் நடத்துவது எப்படி என்று பார்ப்போம்.

தொடங்கும் முன்

12-இல் 7 போனால் எவ்வளவு, 15-இல் 8 போனால் எவ்வளவு என்பதெல்லாம் உடனே வரவேண்டும். 52 என்றால் 5 பத்துகள், 2 ஒன்றுகள் என்று பிரிக்கவும் தெரிய வேண்டும். இவை தடுமாறினால் கழித்தலை நாளைக்குத் தள்ளிவையுங்கள்.

கணக்குகளை வரிசைப்படுத்துங்கள்

பாடநூலில் உள்ள வரிசையை அப்படியே எடுக்காமல் நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். முதலில் 43 − 8. அடுத்து 52 − 27. பிறகு 60 − 24. மூன்று இலக்கம் அதற்குப் பின்னால்தான். 302 − 147 போல நடுவில் சுழியம் வரும் கணக்கில் நூறைப் பிரித்துப் பத்துகளாக்கி, அதில் ஒரு பத்தைப் பிரித்து ஒன்றுகளாக்க வேண்டும். அதற்குத் தனிப் பாடவேளை ஒதுக்குங்கள்.

நீங்கள் செய்து காட்டுங்கள்

பத்துப் பத்தாகக் கட்டிய ஈர்க்குச்சிகள் ஐந்து கட்டு, உதிரியாக இரண்டு. மனத்தில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லுங்கள்:

"2-இல் 7 போகுமா? போகாது. ஒரு பத்துக்கட்டைப் பிரிக்கிறேன். மீதி 4 கட்டு. உதிரி இப்போது 12. 12-இல் 7 போனால் 5. 4-இல் 2 போனால் 2. விடை 25."

ஒவ்வொரு வாக்கியத்துக்கும் கரும்பலகையில் ஒரு மாற்றம் நடக்க வேண்டும்: 5-ஐ அடித்து 4, 2-க்கு மேல் 12. அடுத்த கணக்குக்கும் இதே சொற்கள், இதே வரிசை. சுவைக்காக மாற்றிச் சொல்லும் ஆசையை இங்கே அடக்கிக்கொள்ளத்தான் வேண்டும். குச்சிகளைக் கையில் கொடுத்துவிட்டால் குழந்தைகளே கண்டுபிடித்துவிடுவார்கள் என்பார்கள். ஓரிருவர் கண்டுபிடிப்பார்கள். மற்றவர்கள் குச்சியை வைத்து விளையாடுவார்கள்.

சேர்ந்து செய்யுங்கள்

அதிக நேரம் தரவேண்டிய கட்டம் இது. "புரிந்ததா?" என்று கேட்காதீர்கள், "புரிந்தது டீச்சர்" என்ற கூட்டுக்குரலால் ஒன்றும் தெரியாது. "அடுத்து என்ன செய்ய வேண்டும்? ஏன்?" என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். எல்லாரும் சிலேட்டில் எழுதி ஒரே நேரத்தில் உயர்த்திக் காட்டட்டும். தவறு தெரிந்தால் அந்தப் படியிலேயே நிறுத்தி, மறுபடி செய்து காட்டுங்கள்.

இங்கே ஒரு பயிற்சியை விட்டுவிடாதீர்கள். 58 − 23, 53 − 28 என்று கலந்து எழுதி, விடை கேட்காமல், கடன் தேவையா இல்லையா என்று மட்டும் கேளுங்கள். இது இல்லாவிட்டால், கற்ற உற்சாகத்தில் 58-இலும் கட்டைப் பிரித்துவிடுவார்கள்.

கற்பித்தல் ஆய்வாளர் பராக் ரோசன்ஷைன் 2012-இல் எழுதிய கட்டுரையில், நான்காம் வகுப்புக் கணித ஆய்வு ஒன்றைக் குறிப்பிடுகிறார். சிறந்த ஆசிரியர்களின் வகுப்பில் மாணவர் விடைகளில் 82 விழுக்காடு சரி. பின்தங்கிய வகுப்புகளில் 73. சிறந்த கணித ஆசிரியர்கள் 40 நிமிடப் பாடவேளையில் ஏறத்தாழ 23 நிமிடங்களை விளக்கவும் செய்து காட்டவும் கேள்வி கேட்கவும் செலவிட்டார்கள் என்றும், பின்தங்கிய வகுப்புகளின் ஆசிரியர்கள் 11 நிமிடங்களே செலவிட்டார்கள் என்றும் எழுதுகிறார்.

தனியாக விடுங்கள்

பத்தில் எட்டு சரியாக வரும்வரை தனிப்பயிற்சி வேண்டாம். வந்தபின் ஆறேழு கணக்குகள் போதும். விடையுடன் 27-ஐக் கூட்டினால் 52 வருகிறதா என்று அவர்களே சரிபார்க்கட்டும். தடுமாறும் நான்கைந்து பேரைக் குச்சிகளுடன் உங்கள் அருகே அமர்த்திக்கொள்ளுங்கள்.

வீட்டுப்பாடம் இதற்குப் பிறகுதான். அதற்கு முன்பே இருபது கணக்குகள் கொடுத்து அனுப்பினால், 35 என்ற அந்த விடையை இருபது முறை பழகிக்கொண்டு வருவார்கள்.