மெரிங் கூடு: நான் கரைத்த நாற்பது

வேலை பழக வரும் பிள்ளை போன வாரம் ஒரு தட்டை நீட்டினாள். "ஆச்சி, ராத்திரி நல்லாத்தான் இருந்துச்சு, காலையில பாத்தா இப்படி." வெள்ளைப் பாகில் சுட்ட பரங்கித் துண்டுகள் மிதந்தன. திட்ட வாய் வரவில்லை. இதே தட்டை நானும் ஒருமுறை நீட்டியிருக்கிறேன்.

தூத்துக்குடி மக்ரூன் தின்றவர்களுக்கு மெரிங் தெரியும். வெள்ளைக்கருவும் சீனியும் நுரைக்க அடித்துக் காயவைப்பது, அங்கே முந்திரியும் சேரும். நான் அதைச் சிறு கூடாகப் பிழிந்து, உள்ளே மென்மையான சீஸும், மேலே சுட்ட பரங்கிக்காய், கேரட், பீட்ரூட்டும் வைக்கிறேன். இனிப்பில் காயா என்று கேட்பவர்கள் கேரட் அல்வாவை மட்டும் விடுவதில்லை.

மஞ்சள்கரு விழக்கூடாது, பாத்திரத்தில் எண்ணெய்ப் பசை கூடாது என்பதெல்லாம் எல்லோரும் சொல்வது. விடுங்கள். நான் சொல்ல வருவது மற்ற தப்புகளை.

முதல்நாளே நிரப்பி வைப்பது

காரைக்குடியில் சொந்தத்தில் ஒரு சாந்திக் கல்யாணம், அதாவது அறுபதாம் கல்யாணம். நாற்பது கூடு கேட்டார்கள். இருபது வெள்ளைக்கரு, ஒரு கிலோவுக்கு மேல் சீனி, ஒரு பகல் முழுக்க ஓவன். காலையில் அவசரம் வேண்டாமே என்று ராத்திரியே சீஸும் காயும் வைத்து ஃபிரிட்ஜில் அடுக்கிவிட்டுத் தூங்கினேன். விடிந்து திறந்தால் ஒரு கூடு கூடக் கூடாக இல்லை. அயித்தை எட்டிப் பார்த்து, "என்னத்தா, பாகு காய்ச்சியா கொண்டாந்திருக்க?" என்றாக. இன்னும் அந்தக் குரல் காதில் இருக்கிறது.

காய்ந்த மெரிங் பெரும்பகுதி சீனிதான். பக்கத்தில் எங்கே ஈரம் இருந்தாலும் இழுத்துக்கொள்ளும். சீஸ் தண்ணீர் விடும், சுட்ட பீட்ரூட்டும் சாறு விடும், ஃபிரிட்ஜிலும் ஈரம். மூன்றும் சேர்ந்தால் எந்தக் கூடு நிற்கும்?

இப்போது நான் செய்வது: கூடு தனியாகக் காற்றுப் புகாத சம்படத்தில், வெளியே. வீட்டில் பால் திரித்து எடுக்கும் சீஸ் என்றால் மெல்லிய வேட்டித் துணியில் கட்டி ராத்திரி முழுக்கத் தொங்கவிடுவேன். காயை 200 டிகிரியில், துண்டுக்குத் துண்டு இடம்விட்டு, ஓரம் சிவக்கும்வரை சுடுவேன். நெருக்கிப் போட்டால் சுடாது, வேகும். பிறகு நன்றாக ஆறவைத்துத் துணியில் ஒற்றுவேன். கூட்டின் உள்புறம் உருக்கிய வெள்ளைச் சாக்லேட்டை மெல்லப் பூசிவிட்டால் அந்தக் கொழுப்பு ஈரத்தைக் கொஞ்ச நேரம் தடுக்கும். நிரப்புவது பந்தியில் இலை போட்ட பிறகுதான். ஆள் பற்றாக்குறை என்றால் ஆளைக் கூட்டுங்கள், நேரத்தை முன்னால் இழுக்காதீர்கள்.

சீனி கரையும் முன்னே அடிப்பதை நிறுத்துவது

ஒரு வெள்ளைக்கருவுக்கு 55 கிராம், கரண்டி கரண்டியாக. நுரையை இரு விரலில் தேய்த்துப் பாருங்கள். நறநறவென்றால் இன்னும் அடிக்க வேண்டும். இல்லாவிட்டால் சுட்டபின் பாகு முத்து முத்தாகக் கசியும்.

நாட்டுச் சர்க்கரை

வேண்டாம்.

ஓவனை உடனே திறப்பது

100 டிகிரியில் ஒன்றரை மணி நேரம். அணைத்துவிட்டு, ஆறும்வரை கதவைத் தொடாதீர்கள். சூட்டோடு எடுத்தால் விரிசல் விடும்.

ஐப்பசி மழையில் ஆர்டர்

நான் எடுப்பதில்லை. கேட்டால் பால்பணியாரம் செய்து தருகிறேன்.