எஃப்.பி.எஸ். எண்ணை மட்டும் பார்த்து கிராபிக்ஸ் கார்டு வாங்காதீர்கள்

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையில் நிற்கும், பள்ளி கல்லூரிகளும் லீவு விட்டிருக்கும். ராமேஸ்வரம், தங்கச்சிமடம், மண்டபம், கீழக்கரை என்று கரையோரம் முழுக்கப் பையன்கள் கணினியில் அதிகம் விளையாடுவது இந்த நாட்களில்தான். வெயில் உச்சத்தில் இருப்பதும் இதே நாட்களில்தான். திரையின் மூலையில் ஓர் எண் ஓடிக்கொண்டிருக்கும்: வினாடிக்கு எத்தனை ஃபிரேம், அதாவது எத்தனை படம் (எஃப்.பி.எஸ்.). அந்த எண்ணைத் தப்பாகப் படித்துப் பணத்தைக் கொட்டுவது ஒவ்வொரு கோடையிலும் நடக்கிறது. செய்கிற ஆட்கள் மாறுகிறார்களே தவிர, செய்கிற தவறு அதேதான்.

அந்த எண்ணின் எழுத்து சின்னதாக இருக்கிறது, நிறம் தெரியவில்லை என்பதெல்லாம் இரண்டு நாளில் தானாகச் சரியாகிவிடும். அவற்றை இங்கே விட்டுவிடுகிறோம்.

விளையாட்டுக்குள்ளேயே இருப்பதை வெளியே தேடுவது

எண்ணை மட்டும் பார்க்க வேண்டுமென்றால் எதையும் புதிதாக இறக்க வேண்டாம். வேலரண்ட்டில் செட்டிங்ஸ், வீடியோ, ஸ்டேட்ஸ் என்று போனால் கிளையண்ட் எஃப்.பி.எஸ். இருக்கிறது. கவுண்டர் ஸ்ட்ரைக் 2-ல் கன்சோலைத் திறந்து 'சிஎல்_ஷோஎஃப்பிஎஸ் 1' என்ற கட்டளையை ஆங்கில எழுத்தில் அடித்தால் போதும். மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பில் எஃப் 3. ஸ்டீமில் வாங்கிய விளையாட்டுகளுக்கு ஸ்டீம் செட்டிங்ஸில் 'இன் கேம்' பக்கத்திலேயே வசதி உண்டு. என்விடியா கார்டில் என்விடியா ஆப் போட்டிருந்தால் ஆல்ட் + ஆர். ஏஎம்டி கார்டின் அட்ரினலின் மென்பொருளில் கன்ட்ரோல் + ஷிஃப்ட் + ஓ. ஏஎம்டி கார்டில் ஆல்ட் + ஆர் அழுத்தினால் அட்ரினலின் திறந்துகொள்ளும். என்விடியாவுக்கான வீடியோவைப் பார்த்துச் செய்கிறவர்கள் இங்கேதான் குழம்புகிறார்கள்.

விண்டோஸ் கீயும் ஜி-யும் சேர்த்து அழுத்தினால் வரும் கேம் பாரில் எண் வராமல் கோடு மட்டும் தெரிந்தால் அது பழுது இல்லை. பெர்ஃபார்மன்ஸ் பெட்டியில் எஃப்.பி.எஸ்.ஸைத் தொட்டு அனுமதி கேட்டு, கணினியை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்ய வேண்டும். ரீஸ்டார்ட் செய்யாமல் விட்டுவிட்டு 'வேலை செய்யல' என்பவர்கள்தான் அதிகம்.

ஆஃப்டர்பர்னரைக் கண்ட தளத்தில் இறக்குவது

ஆஃப்டர்பர்னர் என்பது எஃப்.பி.எஸ்.ஸோடு கார்டின் வெப்பம், வேகம் எல்லாவற்றையும் திரையில் காட்டும் எம்எஸ்ஐ மென்பொருள். அதை இறக்க எம்எஸ்ஐயின் சொந்தத் தளம், இல்லாவிட்டால் குரு3டி தளம். வேறெங்கும் வேண்டாம். 2022-ல் ஆஃப்டர்பர்னர் பெயரில் போலித் தளங்கள் வழியாக மைனிங் மென்பொருளும் (நம் கணினியில் திருட்டுத்தனமாகக் கிரிப்டோ நாணயம் தோண்டுவது) பாஸ்வேர்டு திருடும் மென்பொருளும் பரப்பப்பட்டன. மைனர் உள்ளே புகுந்த கணினியில் ஃபிரேம் ரேட்டும் விழும். எஃப்.பி.எஸ். பார்க்கப் போட்ட மென்பொருளே எஃப்.பி.எஸ்.ஸைத் தின்னும்.

எண்ணை மட்டும் பார்த்து கார்டு மாற்றுவது

இதைத்தான் விரிவாகச் சொல்ல வேண்டும். இந்த ஒரு தவறால் வீண்போகும் பணம் மற்ற எல்லாத் தவறுகளையும் சேர்த்தாலும் வராது. பார்க்கும்போதெல்லாம் கோபம் வருவதும் இதில்தான், ஏனென்றால் தடுக்கப் பத்துப் பைசா செலவில்லை.

நடப்பது இப்படி. மண்டபம் பக்கம் ஒரு வீடு. ஜிடிஏ 5 தொடங்கும்போது மூலையில் 70 ஓடுகிறது. அரை மணி நேரத்தில் 40-க்கு இறங்கி, வண்டி ஓட்டும்போது திக்கித் திக்கி நகர்கிறது. 'கார்டு பழசாயிடுச்சு' என்று நண்பன் சொல்கிறான். அப்பாவிடம் கெஞ்சி இருபதாயிரத்துக்கு மேல் போட்டுப் புதுக் கார்டு வருகிறது. முதல் நாள் 95. மறுநாள் மதியம் அதே திக்கல். கார்டு மாறியது, கடல் பக்க ஜன்னலுக்கு நேரே, முன்பக்கம் முழுக்கக் கண்ணாடி அடைத்து வைத்திருக்கிற கேபினெட் மாறவில்லை.

அந்த வீட்டில் திரையில் இன்னும் நாலு எண்கள் இருந்திருந்தால் இருபதாயிரம் மிஞ்சியிருக்கும்.

ஆஃப்டர்பர்னரில் செட்டிங்ஸைத் திறந்து 'மானிட்டரிங்' பக்கத்துக்குப் போங்கள். அங்குள்ள பட்டியலில் ஒவ்வொன்றாகத் தேர்ந்தெடுத்து, கீழே 'ஷோ இன் ஆன்-ஸ்கிரீன் டிஸ்ப்ளே' என்பதை டிக் செய்ய வேண்டும். சும்மா பட்டியலில் டிக் இருந்தால் திரையில் வராது; வலது பக்கம் 'இன் ஓஎஸ்டி' என்று தெரிய வேண்டும். இவற்றைப் போடுங்கள்: ஃபிரேம்ரேட், ஃபிரேம்டைம் (ஒரு ஃபிரேமுக்கு ஆகும் நேரம்), ஜிபியு (கார்டின் சிப்) டெம்பரேச்சர், ஜிபியு யூசேஜ், கோர் கிளாக் (அந்தச் சிப்பின் வேகம்), மெமரி யூசேஜ் (கார்டின் வீடியோ மெமரி). சிபியுவுக்கு (கணினியின் முதன்மைச் சிப்) மொத்த யூசேஜ் போதாது, தனித்தனி கோர்களையும் சேருங்கள். மொத்தம் 40 சதவீதம் என்று காட்டும்போதே ஒரு கோர் 100-ல் முட்டி நிற்கலாம். ஃபிரேம்டைமுக்கு மட்டும் எழுத்துக்குப் பதில் 'கிராஃப்' தேர்ந்தெடுங்கள். ஆஃப்டர்பர்னரோடு சேர்ந்து வரும் ரிவாட்யூனர் ஓடிக்கொண்டிருந்தால்தான் இவையெல்லாம் திரையில் வரும், அதை மூடிவிடாதீர்கள்.

கிராஃப் எதற்கு? 60 எஃப்.பி.எஸ். என்றால் ஒரு ஃபிரேமுக்கு 16.7 மில்லிவினாடி. ஆனால் ஒரு வினாடியில் 59 ஃபிரேம்கள் 15 மில்லிவினாடியில் வந்து, மிச்சமுள்ள ஒரே ஃபிரேம் 115 மில்லிவினாடி எடுத்துக்கொண்டாலும் எண் 60 என்றுதான் காட்டும். கண்ணுக்கு அந்த 115 ஒரு வெட்டாகத் தெரியும். 'அறுபது காட்டுது, ஆனா லேக் அடிக்குது' என்று வருகிற புகாரில் பாதி இதுதான். எண் பொய் சொல்லவில்லை, சராசரியைச் சொல்கிறது. கிராஃபில் அந்த ஒற்றை ஃபிரேம் ஊசி போல எழும்பி நிற்பதைப் பார்த்தால் சந்தேகமே இருக்காது.

இனி சோதனை. வி-சிங்க் (மானிட்டரின் வேகத்துக்கு மேல் ஃபிரேம் போகாமல் பூட்டும் வசதி), ஃபிரேம் லிமிட் இரண்டையும் அணையுங்கள். விளையாட்டில் எப்போதும் ஒரே இடம், ஒரே கிராபிக்ஸ் அளவு. ஐந்தாவது நிமிடத்தில் ஒரு முறை, முப்பதாவது நிமிடத்தில் ஒரு முறை எல்லா எண்களையும் குறித்துக்கொள்ளுங்கள். தாளில் எழுதினாலே போதும். பிறகு இப்படிப் படியுங்கள்.

வெப்பம் ஏறி ஓர் இடத்தில் முட்டி நிற்கிறது, கோர் கிளாக் இறங்கியிருக்கிறது, யூசேஜ் மட்டும் 98-லேயே இருக்கிறது என்றால் கார்டு சூட்டில் தன்னைத் தானே தணித்துக்கொள்கிறது. பல என்விடியா டெஸ்க்டாப் கார்டுகள் 83 டிகிரியை ஒட்டி இதைத் தொடங்கும். 1800 மெகாஹெர்ட்ஸில் ஓடியது 1400-க்கு வந்தால் எஃப்.பி.எஸ். விழாமல் என்ன செய்யும்?

வெப்பம் எழுபதில் சாதாரணமாக இருக்கிறது, ஆனால் ஜிபியு யூசேஜ் 50, 60 என்று அலைகிறது என்றால் கார்டு வேலையில்லாமல் காத்திருக்கிறது. தடை சிபியுவிலோ ரேமிலோ இருக்கிறது. டாஸ்க் மேனேஜரில் மெமரி பக்கத்தில் எத்தனை ஸ்லாட் பயன்படுகிறது என்று பாருங்கள். ஒற்றைக் குச்சியாக 8 ஜிபி மட்டும் இருந்தால் அதே வேகத்தில் இன்னொரு 8 ஜிபி போட்டு, இரண்டும் சேர்ந்து வேலை செய்யும் டூயல் சேனல் ஆக்குங்கள். நாலு ஸ்லாட் உள்ள போர்டில் பெரும்பாலும் சிபியுவிலிருந்து எண்ணி இரண்டாவதும் நான்காவதும். போர்டு மேனுவலில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். தனி கார்டு இல்லாமல் ரைசன் 5600ஜி மாதிரி சிபியுவிலேயே கிராபிக்ஸ் இருப்பவர்களுக்கு இது ரொம்பவே உதவும், ஏனென்றால் அதற்கு வீடியோ மெமரியும் அந்த ரேம்தான். பயாஸில் எக்ஸ்எம்பி (ரேமை அதன் முழு வேகத்தில் ஓட்டும் அமைப்பு) போடாமல் 3200 ரேமை 2400-ல் ஓட்டிக்கொண்டிருப்பவர்களும் நிறைய.

மெமரி யூசேஜ் கார்டின் அளவை, உதாரணமாக 4 ஜிபியை, தொட்டுக்கொண்டே இருந்து கிராஃபில் ஊசி ஊசியாக எழும்பினால் விளையாட்டின் கிராபிக்ஸ் செட்டிங்ஸில் டெக்ஸ்சர் அளவை ஒரு படி இறக்குங்கள்.

முப்பதாவது நிமிடத்திலும் யூசேஜ் 97-க்கு மேல், கிளாக் இறங்கவில்லை, வெப்பம் கட்டுக்குள், வீடியோ மெமரி நிரம்பவில்லை, அப்போதும் எஃப்.பி.எஸ். போதவில்லை என்றால் கார்டின் சக்தி அவ்வளவுதான். அப்போது மட்டும் கார்டு வாங்குங்கள்.

நம் கரையில் முதல் வகைதான், அதாவது சூட்டில் தணியும் கார்டுதான், அதிகம். காரணம் உப்பு. வாடைக்காற்றில் பாக் நீரிணைப் பக்கமும், கச்சான் அடிக்கும்போது மன்னார் வளைகுடாப் பக்கமும் நுண்ணிய மணலோடு உப்பு ஈரமும் வீட்டுக்குள் வரும். உப்பு ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும். தூசி அதில் ஒட்டி, சூட்டை வெளியேற்றும் ஹீட்சிங்க் தகடுகளுக்கிடையே களி போலப் படியும். கடலை விட்டுத் தள்ளி இருக்கும் ஊர்களில் ப்ளோயர் அடித்தாலே உதிர்ந்துவிடுகிற தூசி இங்கே உதிராது. அலுமினியத் தகட்டில் வெள்ளைப் பொடி பூத்திருந்தால் அரிப்பு தொடங்கிவிட்டது என்று அர்த்தம்.

முதலில் செலவில்லாத சோதனை: கேபினெட்டின் பக்கக் கதவைக் கழற்றி வைத்து அதே முப்பது நிமிடம் ஓட்டுங்கள். வெப்பம் ஆறேழு டிகிரி இறங்கினால் கார்டில் கோளாறு இல்லை, காற்றோட்டம்தான் அடைபட்டிருக்கிறது. கேபினெட்டைக் கடல் ஜன்னலுக்கு நேரே வைக்காமல் நகர்த்துங்கள், பின்பக்கம் சுவரிலிருந்து ஒரு சாணாவது தள்ளி இருக்கட்டும். முன்பக்க ஃபில்டரைக் கழுவி நிழலில் நன்றாகக் காய வைத்து மாட்டுங்கள்.

கதவைத் திறந்தும் இறங்கவில்லை என்றால் சுத்தம் செய்ய வேண்டும். கணினியை அணைத்து, பிளக்கைப் பிடுங்கி, பவர் பட்டனைப் பத்து வினாடி அழுத்திப் பிடியுங்கள். கார்டைக் கழற்றும்போது ஸ்லாட் ஓரத்து லாக்கை அழுத்த மறக்காதீர்கள். அதை உடைத்துக்கொண்டு வருபவர்கள் உண்டு. ப்ளோயர் அடிக்கும்போது ஃபேன் இறக்கையை விரலால் பிடித்துக்கொள்ளுங்கள், கன்னாபின்னாவென்று சுற்றவிட்டால் பேரிங் போய்விடும். ஒட்டிய உப்புத் தூசிக்கு மென்மையான பிரஷ்ஷில் ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் தொட்டுத் தகட்டின் வாக்கிலேயே தேயுங்கள். செல்போன் ரிப்பேர் கடைகளில் கிடைக்கும். தண்ணீர் கூடவே கூடாது. சிப்புக்கும் ஹீட்சிங்க்குக்கும் நடுவே தடவியிருக்கும் தெர்மல் பேஸ்ட்டை மாற்ற ஹீட்சிங்க்கைக் கழற்றுவதாக இருந்தால் ஸ்க்ரூவைக் குறுக்குக் குறுக்காகத் தளர்த்துங்கள். தெர்மல் பேட் கிழிந்தால் அதே தடிமனில்தான் புதிது வைக்க வேண்டும். தடிமன் கூடினால் ஹீட்சிங்க் சிப்பின் மேல் சரியாக உட்காராது. வாரண்டி இருக்கும் கார்டை வீட்டில் பிரிக்கவே வேண்டாம்.

இன்னொன்று. ஜனவரியில் எடுத்த எண்ணையும் மே மாதத்தில் எடுத்த எண்ணையும் ஒப்பிடாதீர்கள். அறை எத்தனை டிகிரி சூடாகிறதோ, சிப்பும் ஏறக்குறைய அத்தனை டிகிரி கூடுதலாகச் சுடும்.

மூலையில் 140, மானிட்டரில் 60

144 ஹெர்ட்ஸ் (வினாடிக்கு 144 முறை படம் மாற்றும்) மானிட்டர் வாங்கி மாட்டினாலும் விண்டோஸ் பல நேரம் 60-லேயே நிற்கும். செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, அட்வான்ஸ்டு டிஸ்ப்ளே போய் ரெஃப்ரெஷ் ரேட்டை மாற்றுங்கள். பட்டியலில் 144 இல்லையென்றால் கேபிளைப் பாருங்கள்: பழைய எச்டிஎம்ஐயை விட்டு டிஸ்ப்ளேபோர்ட் போடுங்கள். எஃப்.பி.எஸ். எண் கார்டு எத்தனை ஃபிரேம் செய்தது என்று சொல்லும். கண்ணுக்கு எத்தனை வந்தது என்று சொல்லாது.

கேபிளை மதர்போர்டில் சொருகாதீர்கள். கார்டில் சொருகுங்கள்.

60-லேயே நிற்கிறது

வி-சிங்க்.

இட்டுக்கட்டிய ஃபிரேமையும் சேர்த்து எண்ணுவது

என்விடியாவின் டிஎல்எஸ்எஸ், ஏஎம்டியின் எஃப்எஸ்ஆர் ஆகியவற்றின் ஃபிரேம் ஜெனரேஷன் இரண்டு உண்மையான ஃபிரேம்களுக்கு நடுவே புதிதாக ஒன்றையோ பலவற்றையோ உருவாக்கிச் செருகுகிறது. அசல் 40 இருந்தால் எண் 75 காட்டலாம். ஆனால் மவுஸை அசைத்ததும் விளையாட்டு பதில் சொல்லும் வேகம் 40-க்குரியதுதான், சில நேரம் அதற்கும் கீழே. 'எழுபத்தஞ்சு வருது, ஆனா குறி தப்புது' என்றால் ஜெனரேஷனை அணைத்துவிட்டு அசல் எண்ணைப் பாருங்கள். அது 60-க்குக் கீழே என்றால் முதலில் கிராபிக்ஸ் அளவைக் குறையுங்கள். 2025-ல் வந்த ஸ்டீமின் புதிய எஃப்.பி.எஸ். காட்டும் வசதி (பெர்ஃபார்மன்ஸ் மானிட்டர்) இரண்டையும் பிரித்தே காட்டுகிறது. ஏஎம்டியின் இன்னொரு ஃபிரேம் ஜெனரேஷனான ஏஎஃப்எம்எஃப் டிரைவர் அளவில் வேலை செய்வதால் அட்ரினலின் ஓர் எண்ணும் ரிவாட்யூனர் வேறோர் எண்ணும் காட்டும். எதுவும் கெட்டுப்போகவில்லை.

பேட்டரியில் அளப்பது

லேப்டாப் பேட்டரிக்கு மாறியதும் சக்தியைக் குறைத்துக்கொள்ளும். என்விடியாவின் பேட்டரி பூஸ்ட் எஃப்.பி.எஸ்.ஸுக்கே வரம்பு போட்டுவிடும். மின்சாரம் போன நேரத்தில் அளந்துவிட்டு டிரைவரை அழித்துப் போடுபவர்கள் இருக்கிறார்கள்.

கீழக்கரைப் பக்கம் இதற்கு இன்னொரு முகம் உண்டு. சபுர் (வெளிநாட்டுக்கு) போனவர்கள் கொண்டுவரும் கேமிங் லேப்டாப்பின் சார்ஜரில் தட்டையான பெரிய மூன்று முனை பிளக் இருக்கும். இருநூறு ரூபாய் கன்வெர்ட்டரில் சொருகினால் அது தளர்ந்து, கை பட்டாலே தொடர்பு விட்டு விட்டு வரும். திரையில் எஃப்.பி.எஸ். 90, 30, 90, 30 என்று குதிக்கும்போது டாஸ்க்பாரில் பேட்டரிப் படத்தைப் பாருங்கள். அடாப்டரிலிருந்து சுவருக்குப் போகும் வயரை மட்டும் இந்திய பிளக் உள்ளதாக மாற்றினால் தீர்ந்தது. 230 வாட் அடாப்டர் கேட்கும் லேப்டாப்பை 65 வாட் டைப்-சி சார்ஜரில் ஓட்டினாலும் இதேபோல் விழும்.

ஒரே நேரத்தில் நாலு ஓவர்லே

ஸ்டீம், டிஸ்கார்டு, என்விடியா, ரிவாட்யூனர் நாலின் ஓவர்லேயும் (விளையாட்டின் மேல் மிதக்கும் திரை) ஒரே விளையாட்டுக்குள் புகுந்தால் விளையாட்டு திறக்கும்போதே மூடிக்கொள்ளலாம். ஒன்றை வையுங்கள், மற்றதை அணையுங்கள்.

மெனுவில் எடுத்த எண்

செல்லாது. ஆஃப்டர்பர்னரின் 'பெஞ்ச்மார்க்' பக்கத்தில் தொடங்க ஒரு கீ, முடிக்க ஒரு கீ வைத்துக்கொண்டு, ஆட்டத்துக்குள் போன பிறகு அழுத்துங்கள். முடிவில் சராசரியோடு '1 பெர்சென்ட் லோ' எண்ணையும் (மிக மெதுவான 1 சதவீத ஃபிரேம்களின் வேகம்) எடுங்கள். சராசரி 80, லோ 25 என்றால் திக்கும். சராசரி 62, லோ 54 என்றால் வழுக்கிக்கொண்டு போகும்.

வரம்பில்லாமல் ஓடவிடுவது

60 ஹெர்ட்ஸ் மானிட்டர் வைத்துக்கொண்டு மே மாத மதியத்தில் 140 ஃபிரேம் செய்யவிட்டால் மிச்சம் 80-ம் அறைக்குள் சூடாகத்தான் சேரும். ரிவாட்யூனரைத் திறந்து, இடப்பக்கப் பட்டியலில் விளையாட்டின் பெயரைத் தேர்ந்தெடுத்து, 'ஃபிரேம்ரேட் லிமிட்' கட்டத்தில் 60 என்று எழுதி என்டர் தட்டுங்கள். கார்டின் வெப்பமும் ஃபேன் சத்தமும் இறங்கும், ஃபிரேம்டைம் கிராஃப் கிட்டத்தட்ட நேர்கோடாகும். நுண்ணிய குறி தேவைப்படும் போட்டி விளையாட்டுகளுக்கு மட்டும் இந்த வரம்பை எடுத்துவிட்டு விளையாடலாம்; சோதனை செய்யும்போதும் எடுத்துவிட வேண்டும். கட்டத்தில் 0 என்று போட்டால் வரம்பு நீங்கிவிடும்.