ரிசப்ஷனைப் பகலில் வைக்கிறீர்களா? தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன வருடம் ஆவணியில் அண்ணன் மகளுக்குக் கல்யாணம். குன்றக்குடியில் காலை 6 மணிக்கு மேல் 7.30-க்குள் முகூர்த்தம். ரிசப்ஷனை மாலைக்குத் தள்ளாமல் அன்றே பகல் 11 மணிக்கு வைத்தோம். இடம், காரைக்குடிப் பக்கம் ஹோட்டலாக மாற்றப்பட்ட ஒரு பழைய செட்டிநாட்டு வீடு. வயதானவர்கள் இருட்டுவதற்குள் ஊர் போய்ச் சேரலாம், சீரியல் செட் செலவு மிச்சம், வளவில், அதாவது வீட்டு நடுவே உள்ள திறந்த முற்றத்தில், வெளிச்சம் கொட்டும் என்று நாங்கள் சொல்லிக்கொண்ட காரணங்கள் எல்லாம் சரிதான். 10 மணிக்குப் பெண் புடவை மாற்ற வந்து நின்றபோதுதான், அறைச் சாவி 2 மணிக்குத்தான் கிடைக்கும் என்று தெரிந்தது. மேனேஜர் தன் ஆபீஸ் அறையை ஒழித்துக் கொடுத்தார். பில் புத்தகங்களுக்கு நடுவே அவள் கொசுவம் வைக்க, நான் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

ஹோட்டல்காரர் மேல் குறை சொல்ல முடியாது. பெரும்பாலான ஹோட்டல்களில் பழைய ஆட்கள் அறையைக் காலி செய்யும் நேரம் 11 அல்லது 12. புது ஆட்களுக்கு அறை கிடைப்பது 12-லிருந்து 2-க்குள். பகல் விசேஷம் சரியாக இந்த இடைவெளிக்குள் போய் விழுகிறது. இரண்டு மூன்று அறைகளையாவது முந்தின இரவிலிருந்தே எடுத்துவிடுங்கள். எப்படியும் சென்னைக்காரர்கள் முந்தின நாளே வந்தாக வேண்டும். பல்லவன் ரயில் எழும்பூரில் மதியத்துக்கு மேல் கிளம்பி, இரவில்தான் காரைக்குடிக்கு வருகிறது. அன்று இரவு அவர்களுக்கு இட்லியாவது வேண்டுமே, அதுவும் நம் கணக்குதான். “பாத்துக்கலாம் சார்” என்பதை அறை உறுதி என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். எழுதி வாங்குங்கள்.

கையோடு இன்னொன்றும் கேளுங்கள்: அன்று மாலை அதே இடத்தில் வேறு விசேஷம் இருக்கிறதா? முகூர்த்த நாளில் ஒரே இடத்தைப் பகலுக்கு ஒருவர், மாலைக்கு ஒருவர் என்று விடுவது சகஜம். இருந்தால், உங்கள் கடைசிப் பந்தி பாயசத்துக்குக் காத்திருக்கும்போது அடுத்த கல்யாணத்து டெக்கரேஷன்காரர் ஏணியோடு உள்ளே வந்துவிடுவார்.

முகூர்த்தம் முடிந்து டிபனும் ஆன பிறகு மணி 9. ரிசப்ஷன் 11-க்கு. நடுவில் இருக்கும் இரண்டு மணி நேரம் அறை இல்லாத விருந்தாளி எங்கே போவார்? எங்கள் ஆட்கள் கார் கதவைத் திறந்து போட்டுக்கொண்டு புளிய மரத்தடியில் உட்கார்ந்திருந்தார்கள். முகப்புத் திண்ணையில் ஜமுக்காளம் விரித்து, ஒரு பானை நீர்மோரும் வைத்திருந்தால் அங்கேயே பாதி ரிசப்ஷன் நடந்திருக்கும்.

ஆனால் நாங்கள் செய்ததிலேயே பெரிய தவறு, இடம் பார்க்க மாலை 4.30-க்குப் போனது. வளவில் பாதிக்கு மேல் நிழல், இரண்டாம் கட்டிலிருந்து சிலுசிலுவென்று காற்று. உடனே அட்வான்ஸ் கொடுத்துவிட்டு வந்தோம். காரைக்குடி இருப்பது ஏறக்குறைய 10 டிகிரி அட்சரேகையில். சித்திரை முதல் வாரத்திலும் ஆவணி இரண்டாம் வாரத்திலும் பகல் 12.15 வாக்கில் சூரியன் கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு நேர் மேலே நிற்கும். திறந்த வளவில் அப்போது நிழல் என்ற ஒன்றே கிடையாது. கருங்கல் தரை சுடுகிறது என்று குழந்தைகள் ஒற்றைக் காலில் குதித்தார்கள். விசேஷம் எத்தனை மணிக்கோ அதே மணிக்குப் போய் இடத்தைப் பாருங்கள். முடிந்தால் செருப்பைக் கழற்றிவிட்டு நடந்து பாருங்கள்.

மேலே துணி கட்டினால் போச்சு என்பீர்கள். நாங்களும் கட்டினோம், சிவப்பும் மஞ்சளுமாக. வெயில் அதற்குள் புகுந்து இறங்கியதில் போட்டோவில் அத்தனை பேர் முகமும் மஞ்சள் காமாலை வந்த மாதிரி இருந்தது. சிவப்புப் பட்டைக்குக் கீழே நின்றவர்கள் கோபமாக இருப்பது போலத் தெரிந்தார்கள் (சின்ன மாமா நிஜமாகவே கோபமாகத்தான் இருந்தார், அது வேறு கதை). வெள்ளையோ சந்தன நிறமோ கட்டச் சொல்லுங்கள். தென்னங்கீற்று கிடைத்தால் அதைவிடக் குளுமை வேறில்லை. தகரப் பந்தல் மட்டும் வேண்டவே வேண்டாம். பூவிலும் கவனம் தேவை: முந்தின இரவே கட்டிய ரோஜா 11 மணிக்குத் தலையைத் தொங்கப் போட்டுவிடும். செவ்வந்தி, சம்பங்கி தாங்கும். மாப்பிள்ளைக்குக் கோட் எதற்கு என்பதை அவர் வீட்டாரிடம் முன்கூட்டியே பேசிவிடுவது நல்லது.

சாப்பாட்டுக் கணக்கு பகலுக்கு வேறு. மாலை ரிசப்ஷனுக்கு 6.30-லிருந்து 9.30 வரை ஆட்கள் கொஞ்சம் கொஞ்சமாக வருவார்கள், வரிசை தானாக நகரும். பகலில் எல்லோருக்கும் ஒரே நேரத்தில், 12.30-க்குப் பசிக்கும். 300 பேர், ஒரு பந்திக்கு 80 இலை என்றால் நான்கு பந்தி. இலை எடுத்துத் துடைத்து அடுத்தது போட, பந்திக்கு 45 நிமிடம் என்று வைத்தாலும் மூன்று மணி நேரம். 12-க்கு ஆரம்பித்தால் கடைசிப் பந்தி உட்காரும்போது மணி 2.15. சர்க்கரைக்கு மாத்திரை போடுகிற பெரியவர்கள் அதுவரை தாங்க மாட்டார்கள், அவர்களை முதல் பந்தியில் உட்கார வைக்கத் தனியாக ஒரு ஆளைப் போடுங்கள். கூட்டத்தைப் பார்த்துப் பயந்து பஃபே வைக்கலாம் என்று சிலர் சொல்வார்கள். வெயிலில் தட்டோடு வரிசையில் நிற்பதற்கு, நிழலில் உட்கார்ந்து காத்திருப்பது எவ்வளவோ மேல். காத்திருக்கிறவர்கள் கையில் நன்னாரி சர்பத்தோ பானகமோ இருக்கட்டும். சாட், தோசை கவுண்டர் எல்லாம் மாலைச் சமாச்சாரம். ஐஸ்கிரீம் மேசைக்கு வருவதற்குள் பாலாகிவிடும்.

எத்தனை இலை என்பதிலும் ஏமாறாதீர்கள். குறைந்தது இத்தனை பேருக்குப் பணம் என்று ஹோட்டலில் ‘மினிமம் கேரண்டி’ கேட்பார்கள், ஆள் வராவிட்டாலும் அதைக் கட்டியாக வேண்டும். புதன், வியாழன் பகலில் ஆபீஸ் நண்பர்களும் கடை வைத்திருப்பவர்களும் எப்படி வருவார்கள்? மாலைக்குப் போடும் எண்ணிக்கையை அப்படியே பகலுக்குப் போட்டால் வெறும் இலைக்குக் காசு கொடுக்க வேண்டியதுதான்.

கிழமைக்கு இன்னொரு சங்கதியும் உண்டு. வெள்ளியன்று ராகு காலம் 10.30 முதல் 12 வரை, புதனன்று 12 முதல் 1.30 வரை, வியாழனன்று 1.30 முதல் 3 வரை. பத்திரிகையில் “காலை 11 மணி முதல்” என்று வெள்ளிக்கிழமைக்கு அச்சடித்துவிட்டு, பாட்டி பொண்ணு மாப்பிள்ளையை 12 வரை மேடையேற விடாமல் நிறுத்தி வைத்த கதை எங்கள் சொந்தத்திலேயே இருக்கிறது. ஞாயிறன்று 4.30-க்குத்தான் ராகு காலம், பகல் முழுக்கத் தொல்லையில்லை. எமகண்டமும் பார்க்கிற பாட்டி என்றால் ஞாயிறும் 12-லிருந்து 1.30 வரை போச்சு.

பொண்ணு மாப்பிள்ளை விடியற்காலை 3 மணிக்கு எழுந்தவர்கள். அவர்களை மறுபடி மூன்று மணி நேரம் மேடையில் நிற்க வைப்பது அநியாயம். இந்த மாதிரி வீட்டில் மேடையே தேவையில்லை என்பது என் கட்சி. ஊஞ்சலோ திண்ணையோ போதும், கொஞ்சம் உட்காரட்டும், அப்புறம் எழுந்து பந்திக்குப் பந்தி போய் எல்லோரையும் பார்த்துப் பேசட்டும். இரண்டாம் பந்தியில் அவர்களுக்கும் இலை போட்டுவிடுங்கள். பாட்டுக் கச்சேரி, டிஜே எதுவும் வேண்டாம். நாலு பக்கமும் சுவர் உள்ள வளவில் ஸ்பீக்கர் வைத்தால் பக்கத்தில் இருப்பவர் பேசுவதே கேட்காது. ஒரு மணி நேரம் நாதஸ்வரம் வாசித்தால் போதும், அதற்கு மேல் சாப்பிட்டவர்களுக்கு எப்படியும் கண் சொக்கும்.

3 மணிக்கு ஃபில்டர் காபி போடச் சொல்லுங்கள், அதுதான் கிளம்பச் சொல்லும் ஜாடை. தாம்பூலப் பையில் தேங்காயோடு ஒரு தண்ணீர் பாட்டிலையும் போட்டுக் கொடுங்கள். மதுரை வரைக்கும் வெயில் கூடவே வரும்.